தகவலாளர் பதினேழு

இதனால் சகலருக்கும் அறிவிப்பது என்னவென்றால்: அச்சம் மேலிருந்து கீழ்நோக்கிப் பாயும் தன்மையுடையது. அதிகாரம் எங்கே உயரமோ அங்கே ஊற்றெடுக்கும்; எங்கே பள்ளமோ அங்கே தேங்கும். மனித குலத்தின் தலையெழுத்தையே மாற்றப்போகும் இந்த உண்மையைக் கண்டுபிடிக்க ஒரு சமூகவியல் பேராசிரியருக்கு, வேலைக்குச் சேர்ந்த நாள் தொட்டு ஓய்வுபெறும் வயது வரை தேவைப்பட்டது. தண்ணீரும்தான் அப்படிப் பாய்கிறது, அதற்கு யாரும் பட்டம் கொடுக்கக் காணோமே என்று அவருடைய மனைவி கேட்டது கல்வியுலகில் பதிவாகவில்லை.

ஆய்வு நிறுவனத்தில் அவருக்குப் ‘பயம் சார்’ என்று பெயர். முகத்துக்கு நேரே அல்ல. லிப்டில் அவர் ஏறியதும் பேச்சு நின்றுபோய், பாதிப் பெயர் மட்டும் காற்றில் தொங்கும். அவர் கோபித்துக்கொண்டதில்லை. உணர்ச்சிகளும் அதிகாரமும் என்பது அவர் துறை. அதிலும் அலுவலகப் பயம் அவருக்கு அத்துப்படி. வங்கி, மருத்துவமனை, துறைமுகம் என்று அவர் போய் உட்காராத இடமில்லை. எழுத்தர்களையும் செவிலியர்களையும் ஓட்டுநர்களையும் எதிரே இருத்தி, மேலதிகாரி கூப்பிட்டால் உடம்பில் எந்த இடத்தில் முதலில் தெரிகிறது என்று கேட்பார். சிலருக்கு வயிறு, சிலருக்குப் பிடரி. ஒரு செவிலியர் பல்லில் தெரிகிறது என்றார். அந்த ஒரு பல்லை வைத்துக்கொண்டு மூன்று நாடுகளில் கட்டுரை வாசித்துவிட்டு வந்தார்.

அவருக்குத் தனிப்பெருமை ஒன்று உண்டு. தம்மிடம் வாய் திறந்த ஒருவரைக்கூட இதுவரை யாரும் அடையாளம் கண்டதில்லை என்பதே அது. புத்தகத்தில் ஆட்களுக்குப் பெயர் கிடையாது; தகவலாளர் ஒன்று, தகவலாளர் இரண்டு என்று எண்தான். எண்ணோடு விட்டுவிடவும் மாட்டார். குட்டையானவரை நெட்டையாக்குவார். தனியாக வாழ்பவருக்குக் கல்யாணம் செய்துவைப்பார். இருமல்காரரிடமிருந்து இருமலைப் பிடுங்கிக்கொண்டு வழுக்கையைக் கொடுத்தனுப்புவார். ஆளைப் படைத்தவன்கூட இத்தனை சிரத்தை எடுத்திருக்க மாட்டான் என்று வகுப்பில் அவரே சொல்லிக்கொள்வார்.

கடைசிப் பெரும் புத்தகம் முடிகிற தறுவாயில் அதில் ஓர் ஓட்டை தெரிந்தது. கத்துகிற மேலதிகாரி, மேசையைத் தட்டுகிற மேலதிகாரி, கோப்பை வீசியெறிகிற மேலதிகாரி எல்லாரைப் பற்றியும் பேச ஆள் கிடைத்தார்கள். சிரித்துக்கொண்டே குலைநடுங்க வைக்கும் மேலதிகாரியைப் பற்றி மட்டும் ஒருவரும் வாய் திறக்கவில்லை. தேடித் தேடி அலுத்துப்போனார். ஒரு பிற்பகல், நிறுவனத்தின் இயக்குநர் அம்மையாரின் அறையிலிருந்து திரும்பித் தம் நாற்காலியில் விழுந்தபோது, வலது முழங்கால் மட்டும் தன்னந்தனியாக ஆடிக்கொண்டிருப்பதைக் கண்டார். ஆள் கிடைத்துவிட்டார்.

தகவலாளர் பதினேழு பிறந்தது அப்படித்தான். பேராசிரியர் எழுதினார்: ‘அவர் கோபப்பட்டால் பரவாயில்லை. கோபம் வரும், போகும். அவர் பேனாவை மேசைமேல் சுழற்றிவிட்டு, சிரித்தபடியே “பார்த்துக்கலாம்” என்பார். எதைப் பார்ப்பார், எப்போது பார்ப்பார் என்று தெரியாது. என் வீட்டுக் குளியலறையில்கூடத் தாழ்ப்பாளை இருமுறை இழுத்துப் பார்க்கிறேன். அவர் ஊரில் இல்லாத நாளிலும் அவருடைய கார் நிற்கும் இடத்தைச் சுற்றிக்கொண்டுதான் போகிறேன்.’

பிறகு தம்மைத் தாமே மறைத்தார். தாம் உயரம், பதினேழைக் குட்டையாக்கினார். தாம் மேடையில் மடைதிறந்த வெள்ளம். பதினேழுக்குத் திக்குவாய் வைத்தார். தமக்குத் தலைநிறைய முடி; அதை மழித்தார். தமக்கு ஒரே மகன். அவருக்கு இரட்டைப் பெண்கள். தாம் மேல்மாடியில் புத்தகங்களுக்கு நடுவே. அவரைக் கீழ்த்தளத்தில் பண்டகசாலையில் கொண்டுபோய் வைத்தார். முடித்துவிட்டுப் படித்துப் பார்த்தபோது, தம்மைப் பெற்ற தாய்க்கே அடையாளம் தெரியாது என்று திருப்தி.

அந்தத் தொழிலில் இருப்பவர்கள் மட்டுமே செய்யக்கூடிய தவறு ஒன்றை அவர் செய்திருந்தார். எளியவரை எப்படி மறைப்பது என்று அவர்களுக்குக் கற்றுத்தருகிறார்கள். வலியவரை மறைக்க யாரும் கற்றுத்தருவதில்லை. அதற்குத் தேவையே வந்ததில்லை. பதினேழைத் தலைமுதல் கால்வரை மாற்றியவர், பேனா சுழற்றும் மேலதிகாரியை மட்டும் இருந்தபடியே விட்டுவிட்டார்.

புத்தக வெளியீட்டுக்குத் தலைமை தாங்கியவர் இயக்குநர் அம்மையார். குரல் உயர்த்தி யாரும் கேட்டறியாத மென்மையான மனுஷி. முதல் பிரதியைப் பெற்றுக்கொண்டு, பொதுவாக இந்த மாதிரி விழாக்களில் வாங்குகிற புத்தகத்தை யாரும் படிப்பதில்லை என்றும், தான் அப்படியில்லை என்றும், இந்த வார இறுதியில் வரிவரியாகப் படிக்கப்போவதாகவும் சொன்னார். கூட்டம் கைதட்டியது. பேராசிரியரும் கைதட்டினார். தட்டிக்கொண்டிருக்கும்போதே அவருக்குப் பேனா ஞாபகம் வந்தது.

சனி, ஞாயிறு இரண்டு நாளும் அவருக்குச் சோறு இறங்கவில்லை. தொலைபேசி மணி அடித்தால் எழுந்து நின்றார். அடிக்காவிட்டால் எடுத்துக் காதில் வைத்து, உயிர் இருக்கிறதா என்று பார்த்தார். அச்சத்தின் கட்டங்கள் நான்கு என்று அவரே எழுதியிருந்தார். ஐந்தாவதாக ஒன்று இருப்பது ஞாயிற்றுக்கிழமை பிற்பகல் வாக்கில் தெரியவந்தது. கட்டுரையாக்கத் தோன்றவில்லை.

திங்கட்கிழமை கூப்பிட்டார்கள்.

இயக்குநரின் அறையில் கம்பளம் தடிமன்; நடந்து வருகிறவருக்கே தன் காலடி கேட்காது. வருகிறவர் உட்காரும் நாற்காலி ஒரு பிடி தாழ்வு. சுவர்க் கடிகாரம் வருகிறவரின் முதுகுக்குப் பின்னால். மணி என்ன என்பது அம்மையாருக்கு மட்டும்தான் தெரியும். இவற்றைப் பற்றியெல்லாம் பேராசிரியர் ஓர் அத்தியாயமே எழுதியிருக்கிறார். எழுதியவருக்கும் நாற்காலி தாழ்வாகத்தான் இருந்தது.

புத்தகம் மேசைமேல் இருந்தது. ஒரு பக்கத்தின் முனை மடிக்கப்பட்டிருந்தது. அம்மையார் உடல்நலம் விசாரித்தார், மகன் நலமா என்று கேட்டார், காபி வரவழைத்தார். பிறகு அந்தப் பக்கத்தைத் திறந்து, மென்மையாக, இது யார் என்று கேட்டார்.

தகவலாளரின் அடையாளத்தை வெளியிடுவது ஆய்வு அறத்துக்கு விரோதம் என்று பேராசிரியர் சொன்னார். சொன்ன விதம் அவருக்கே பிடித்திருந்தது. முழங்கால் மேசைக்கடியில் இருந்தது.

“நீங்க சொல்ல வேண்டாம் சார். எனக்கே தெரிஞ்சுபோச்சு,” என்றார் அம்மையார்.

பேராசிரியர் காபிக் கோப்பையைத் தட்டில் வைத்தார்.

“குட்டை. வழுக்கை. திக்குவாய். ரெட்டைப் பொண்ணுங்க. ஸ்டோர்ல வேலை.” ஒவ்வொன்றுக்கும் ஒரு விரலாக மடக்கினார். “நம்ம ஸ்டோர்க்காரர். இல்லையா?”

உலகம் அறிய வேண்டிய விஷயம், அப்போது பேராசிரியருக்கு முதலில் ஏற்பட்டது குற்றவுணர்ச்சி அல்ல. நிம்மதி. வெந்நீரில் குளித்தெழுந்ததுபோல் உடம்பெல்லாம் ஒரு நிம்மதி. அடுத்த மூச்சில்தான், கீழ்த்தளத்தில் நிஜமாகவே ஒரு ஸ்டோர்க்காரர் இருப்பது அவர் மண்டைக்கு உறைத்தது. குட்டையாக, வழுக்கையாக. வருஷக்கணக்காகத் தாள்கட்டும் மைப்புட்டியும் வாங்கிவரும்போது கண் பார்த்துவைத்திருந்த ஆளை, மனசு கற்பனை என்று சொல்லி அவரிடமே விற்றிருந்தது.

அவர் ஆம் என்று சொல்லவில்லை. இல்லை என்றும் சொல்லவில்லை. இரண்டும் ஆய்வு அறத்துக்கு விரோதம்.

“சரி, பார்த்துக்கலாம்,” என்று அம்மையார் பேனாவைச் சுழற்றினார்.

பேராசிரியர் நேரே கீழ்த்தளத்துக்குப் போனார். ஒருவேளை அந்த ஆளுக்கு இரட்டைப் பெண்கள் இல்லாமலிருக்கலாம். ஒரே ஒரு பிள்ளை இருந்துவிட்டால் போதும், அம்மையாரின் கணக்கு தப்பு என்று ஆகிவிடும் என்று படியிறங்கும்போதெல்லாம் வேண்டிக்கொண்டார். பண்டகசாலையில் குழல்விளக்கு ஒன்று கண்சிமிட்டிக்கொண்டிருந்தது. அட்டைப்பெட்டிகளுக்கு நடுவே ஸ்டோர்க்காரர் ஒரு நாற்காலிக்குக் கால் பொருத்திக்கொண்டிருந்தார். அவருடைய மேசையில் கண்ணாடிக்கடியில் ஒரு புகைப்படம். ஒரே முகம், இரண்டு பெண்கள்.

“வா... வாங்க சார். தாளா, மையா?”

பேராசிரியர் ஒன்றும் வேண்டாம் என்றார். பெண்கள் என்ன படிக்கிறார்கள் என்று கேட்டார். இரண்டு பேரும் கல்லூரியில், இரண்டு பேருக்கும் ஒரே நேரத்தில் செலவு, ஒருத்தி தேறினால் இன்னொருத்தி சும்மா இருப்பாளா என்று ஸ்டோர்க்காரர் சிரித்தார். பிறகு கையிலிருந்த திருப்புளியைக் கீழே வைத்துவிட்டு, நல்ல நேரத்தில் வந்தீர்கள் சார் என்றார். நாளைக் காலை அம்மா அறைக்கு வரச்சொல்லி ஆள் வந்து சொல்லிவிட்டுப் போனானாம். வேலைக்குச் சேர்ந்ததிலிருந்து அந்த மாடிக்கே போனதில்லை. எதற்கென்று தெரியவில்லை.

“சார், பயத்துல நீங்கதான் பெ... பெரிய ஆளுன்னு சொல்றாங்க. உள்ள போனா எப்படி நிக்கணும்? கை எங்க வெச்சுக்கணும்?”

பேராசிரியர் திருப்புளியை எடுத்துத் திருப்பிப் பார்த்தார். ஏதாவது சொல்லியாக வேண்டும் என்பதற்காக, அம்மாவைப் பார்த்தால் உங்களுக்கு எப்படியிருக்கும் என்று தொழில்முறையில் கேட்டுவைத்தார்.

“எனக்கு என்ன சார்? காலைல வாசல்ல வணக்கம் சொல்லுவேன், அவங்களும் சொல்லுவாங்க. நான் யாரைப் பார்த்தும் பயந்ததில்ல. திக்குறதுனால பயம்னு நினைக்கிறாங்க. அது பொ... பொறந்ததுலேருந்து இருக்கு.” பிறகு பேராசிரியரின் முகத்தை உற்றுப் பார்த்தார். “ஏன் சார், பயப்படுற மாதிரி ஏதாவது இருக்கா?”

ஒன்றுமில்லை என்று பேராசிரியர் சொன்ன விதத்தில், ஸ்டோர்க்காரரின் கண்ணில் ஏதோ ஒன்று மாறியது. இத்தனை காலம் பிறத்தியார் முகத்தில் தேடித் தேடிக் குறித்துக்கொண்ட அதே மாற்றம். அந்தக் கட்டடத்தில் பயமில்லாமல் இருந்த ஒரே மனிதர் அவராக இருந்திருக்கலாம். அதையும் பேராசிரியர் ஒரு சொல்லில் முடித்துவைத்தார். மேலிருந்து கீழே பாயும் என்ற கண்டுபிடிப்பு, படியிறங்கித் தானே நடந்து வந்து நிரூபணமாகியிருந்தது.

அன்று சாயங்காலம் மனைவியின் தம்பி வீட்டுக்கு வந்திருந்தான். வக்கீல். பேராசிரியர் யாரோ ஒரு நண்பருக்கு நடந்ததுபோல் கதையைச் சொல்ல ஆரம்பித்தார். பாதி சொல்வதற்குள் மனைவி மேசையைத் துடைத்துக்கொண்டே குறுக்கிட்டார்.

“அந்தப் பதினேழு நீங்கதானே?”

பேராசிரியர் தண்ணீர் டம்ளரைத் தேடினார்.

“புத்தகத்தைப் பிழைதிருத்திக் குடுக்கச் சொன்னீங்களே, அப்பவே தெரியும். நம்ம குளியலறைத் தாழ்ப்பாளை இழுத்து இழுத்து லூசாக்கினது யாராம்?” கைத்துணியைப் பிழிந்தார். “அது போகட்டும். நாளைக்குக் காலைல அந்த மனுஷன் உள்ள போறதுக்கு முன்னாடி நீங்க போயிடுங்க. நான்தான்னு ஒரு வார்த்தை. அவ்வளவுதான்.”

அவ்வளவுதானா என்று பேராசிரியர் தம் நிலைமையை விளக்கினார். ஓய்வுபெறும் தேதி நெருங்கிவிட்டது. பணி நீட்டிப்புக்கு விண்ணப்பம் போட்டிருக்கிறார். அது அம்மையாரின் மேசையில் கிடக்கிறது. இந்த வயதில் அறையையும் பெயர்ப்பலகையையும் பிடுங்கிக்கொண்டு வீட்டுக்கு அனுப்பினால், தான் யார்? வீட்டில் என்ன செய்வது?

“தாழ்ப்பாளைச் சரிபண்ணலாம்,” என்றார் மனைவி.

தம்பிக்காரன் தொண்டையைக் கனைத்தான். அக்கா சொல்வது நியாயம்தான், ஆனால் சட்டம் என்று ஒன்று இருக்கிறது என்றான். “அத்தான், சொல்றதா இருந்தா வாயால சொல்லுங்க. எக்காரணம் கொண்டும் எழுதி மட்டும் குடுத்துடாதீங்க.” அக்கா அவனைப் பார்த்த பார்வையில் அவன் சாப்பிடாமலே கிளம்பிவிட்டான்.

அதன்பிறகு மனைவி அதைப்பற்றிப் பேசவில்லை. படுக்கையில் திரும்பிப் படுத்துக்கொண்டு, அந்த ஆளின் பெண்கள் எந்தக் கல்லூரி என்று மட்டும் கேட்டார். பேராசிரியருக்குத் தெரியவில்லை. கேட்கவில்லை என்றார். எல்லாரையும் எல்லாம் கேட்பீர்களே என்றார் மனைவி.

காலையில் பேராசிரியர் படியேறினார். லிப்டில் போனால் சீக்கிரம் போய்ச் சேர்ந்துவிட வேண்டியிருக்கும். இயக்குநர் அறை வாசலில் ஸ்டோர்க்காரர் ஏற்கெனவே வந்து நின்றிருந்தார். இஸ்திரி போட்ட சட்டை, ஈரம் துடைத்த தலை. கையை எங்கே வைப்பது என்று தெரியாமல் முன்னால் கட்டினார், பின்னால் கட்டினார், கடைசியில் தொங்கவிட்டார். பேராசிரியரைக் கண்டதும் அவர் முகம் மலர்ந்தது. தெரிந்த ஆள் ஒருவர் வந்துவிட்டார்.

“சார், நீ... நீங்களும் வர்றீங்களா?”

முதலில் நான் போகிறேன் என்று பேராசிரியர் கதவைத் தட்டினார்.

அம்மையார் எழுந்து நின்று வரவேற்றார். பேராசிரியர் உட்காரவில்லை, உட்கார்ந்தால் முடியாது. நின்றபடியே, மேடம், அந்தப் பதினேழாம் ஆள் நான்தான் என்றார்.

சொல்லி முடித்ததும் ஒரு வினோதம் நடந்தது. முழங்கால் நின்றுவிட்டது. குரலில் பிசிறில்லை. உள்ளங்கை காய்ந்திருந்தது. இத்தனை ஆண்டுகளில் முதல்முறையாக அந்த அறையில் அவர் பயமில்லாமல் நின்றார். அதுதான் வினையாகப் போயிற்று.

“உங்களுக்கா? என்னைப் பார்த்தா?” அம்மையார் அவரை மேலும் கீழும் பார்த்தார். “பயத்தையே படிச்சவர் நீங்க. இப்பகூட எவ்வளவு தைரியமா நிக்கிறீங்க. ஒரு ஏழைக்காகப் பழியைத் தலையில போட்டுக்கிறீங்க பாருங்க, அதைத்தான் சார் பெருந்தன்மைன்னு சொல்லுவாங்க.”

இல்லை, உண்மையாகவே நான்தான் என்று பேராசிரியர் தாழ்ப்பாளைச் சொன்னார், காரைச் சொன்னார், முழங்காலைச் சொன்னார். தகவலாளர்கள் சொன்னதெல்லாம் ஆய்வாளருக்கு மனப்பாடமாகத்தானே இருக்கும் என்றார் அம்மையார். சொல்லச் சொல்ல அம்மையாரின் கண்ணில் பேராசிரியர் இன்னும் நல்லவராகிக்கொண்டே போனார்.

பிறகு அம்மையார் இழுப்பறையைத் திறந்தார். ஒரு வெள்ளைத் தாளை எடுத்து மேசையின் இடப்பக்கம் வைத்தார். இன்னொரு தாளை வலப்பக்கம். அது பணி நீட்டிப்பு ஆணை. மேலே பேராசிரியரின் பெயர், கீழே அம்மையாரின் கையெழுத்து, ஏற்றுக்கொள்வதாகப் பேராசிரியர் கையெழுத்துப் போட வேண்டிய இடம் காலியாக.

“நான் நம்புறேன், நம்பல, அது முக்கியமில்ல சார். எழுதிக் குடுத்தா நம்பித்தானே ஆகணும்? நான்தான் அந்த ஆள்னு இதுல ஒரு வரி. ஸ்டோர்க்காரரை வாசல்லேருந்தே திருப்பி அனுப்பிடுறேன். எழுத ஒண்ணுமில்லன்னா, அது இருக்கு.” சிரித்தார். “எது வேணும்னாலும் பாருங்க. எனக்கு ரெண்டும் ஒண்ணுதான்.”

முழங்கால் மறுபடி ஆரம்பித்தது.

இப்போது காட்டியிருக்கலாம். இதோ பாருங்கள், இதுதான் பதினேழாம் ஆளின் முழங்கால் என்று காட்டியிருந்தால் அது போதுமான சாட்சியம். பேராசிரியர் என்ன செய்தாரென்றால், உட்கார்ந்தார். நாற்காலி தாழ்வாக இருந்தது. மேசைவிளிம்பு நெஞ்சுக்கு வந்தது. வெள்ளைத் தாளைப் பார்த்தார். அவ்வளவு பெரிய தாளில் ஒரே ஒரு வரிதான். அந்த வரியை எத்தனையோ பேர் அவரிடம் சொல்லியிருக்கிறார்கள். எழுத்தர்கள், செவிலியர்கள், ஓட்டுநர்கள். எனக்குப் பயமாக இருக்கிறது என்று வெளிப்படையாக, அவர் முகத்தைப் பார்த்து, நம்பிச் சொல்லியிருக்கிறார்கள். அவர்களுக்கெல்லாம் எங்கிருந்து வந்தது அந்த நெஞ்சுரம் என்று அவர் ஒருநாளும் ஆராய்ந்ததில்லை.

முதுகுக்குப் பின்னால் கடிகாரம் ஓடும் சத்தம் கேட்டது. கதவுக்கு வெளியே ஸ்டோர்க்காரர் தொண்டையைச் செருமிக்கொண்டார். உள்ளே போனதும் சொல்வதற்கு ஏதோ ஒரு வாக்கியத்தைத் திக்காமல் சொல்லிப் பழகிக்கொண்டிருந்தார் போலிருக்கிறது; ஒரே சொல் திரும்பத் திரும்பக் கேட்டது.

சொல்லிப் பார்த்தாயிற்று, நம்பாதது அம்மையாரின் குற்றம் என்று பேராசிரியருக்குத் தோன்றியது. வக்கீல் மச்சான் சொன்னதும் ஞாபகம் வந்தது. அமைப்பு என்ற பெரும் யந்திரத்தில் தனிமனிதரின் ஒரு வரியால் எதுவும் மாறிவிடாது என்று அவரே நாலாம் அத்தியாயத்தில் எழுதியிருந்தார். நன்றாக எழுதப்பட்ட அத்தியாயம்.

சட்டைப்பையிலிருந்து தம் பேனாவை எடுத்து வலப்பக்கத் தாளில் கையெழுத்துப் போட்டார்.

அம்மையார் கைகுலுக்கினார். பேராசிரியர் வெளியே வந்தபோது ஸ்டோர்க்காரர், அம்மா நல்ல மனநிலையில் இருக்கிறார்களா என்று கேட்டார். பேராசிரியர் தலையசைத்தார். அது ஆமாம் என்றும் இருக்கலாம், இல்லை என்றும் இருக்கலாம். ஸ்டோர்க்காரர் சட்டையை இழுத்துவிட்டுக்கொண்டு உள்ளே போனார். மேலதிகாரியைப் பற்றி அவதூறு பரப்பிய குற்றத்துக்காக அன்று மத்தியானமே அவருக்கு வேலை போயிற்று. தான் எதுவுமே பேசவில்லை என்பதைச் சொல்லி முடிக்க அவருக்கு நேரம் போதவில்லை என்று வாசலில் நின்ற பியூன் சொன்னான்.

தம் அறைக்குத் திரும்பிய பேராசிரியர், கதவைச் சாத்திவிட்டு ஆணையை முதன்முறையாக முழுதாகப் படித்துப் பார்த்தார்.

நீட்டிப்பு ஆறு மாதத்துக்குத்தான்.